வணிகர் என்று ஒப்புக்கொள்ளாத வணிகரின் வாழ்க்கையை எழுதுவது எப்படி: ஆல்ஃபிரெட் ஸ்டீக்லிட்ஸை முன்வைத்துச் சில வழிமுறைகள்

ஆயுள் முழுவதும் பிறருடைய ஓவியங்களை விற்றுக்கொடுத்த ஒருவர், தாம் வணிகரே அல்லர் என்று கடைசிவரை சாதித்துவந்தால், அவருடைய வாழ்க்கையை எழுத உட்காருகிறவர் எதை எடுத்துக்கொள்வது, எதைத் தள்ளுவது என்ற கேள்வி முதல் பக்கத்திலேயே வந்து நிற்கும். ஆல்ஃபிரெட் ஸ்டீக்லிட்ஸ் அப்படிப்பட்டவர். 1864 ஜனவரி 1 அன்று நியூ ஜெர்சியின் ஹோபோக்கனில், ஜெர்மனியிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்தில் பிறந்து, 1946 ஜூலை 13 அன்று நியூயார்க்கில் இறந்த இவர், முதலில் ஒளிப்படக் கலைஞராகவும், பிறகு இதழாசிரியராகவும், அதன்பின் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் கலைக்கூடம் நடத்தி அமெரிக்க ஓவியர்கள் சிலருக்காக ஓயாமல் வக்காலத்து வாங்கியவராகவும் வாழ்ந்தார். இவரைப் பற்றித் தமிழில் ஒரு நீண்ட கட்டுரையோ சிறு நூலோ எழுத விரும்புகிறவர்களுக்காக, நானே தவறிய இடங்களையும் சேர்த்து, செய்யவேண்டிய வேலைகளை இங்கே சொல்கிறேன்.

சொற்களை முதலிலேயே முடிவுசெய்துகொள்ளுங்கள். புகைப்படம், ஒளிப்படம் இரண்டில் எதையும் எடுத்துக்கொள்ளலாம். ஆனால் கட்டுரை முழுவதும் ஒன்றையே பயன்படுத்த வேண்டும். சிக்கல் தருவது அடுத்த சொல்தான். ‘ஓவிய வணிகர்’ என்று எழுதினால் அவருடைய அபிமானிகள் முகம் சுளிப்பார்கள். ‘கலைப் புரவலர்’ என்று எழுதினால் அது உண்மையாகாது, ஏனெனில் புரவலர் தம் கைப்பணத்தைக் கொடுப்பவர், இவரோ பெரும்பாலும் பிறர் பணத்தைக் கேட்டு வாங்கிக் கலைஞர்களிடம் சேர்த்தவர். ‘தரகர்’ என்பது தொழிலைச் சரியாகச் சொன்னாலும் தமிழில் அந்தச் சொல்லுக்கு ஒட்டிக்கொண்ட வாடை வேறு. ‘ஓவிய வணிகர்’ என்றே துணிந்து எழுதிவிட்டு, அந்தச் சொல்லை அவர் ஏன் வெறுத்தார் என்பதைத் தனியாக விளக்குவதே நேர்மை என்பது என் கருத்து.

மூன்று நிரல்கள் கொண்ட குறிப்பேடு

எழுதத் தொடங்குவதற்கு முன் ஒரு குறிப்பேட்டை எடுத்து, இடப்பக்கம் ஆண்டை எழுதி, அதற்கு எதிரே மூன்று நிரல்கள் போட்டுக்கொள்ளுங்கள். முதல் நிரலில் அந்த ஆண்டு அவர் எடுத்த அல்லது வெளியிட்ட படங்கள். இரண்டாவதில் அவர் தம் சுவரில் மாட்டிய பிறருடைய படைப்புகள். மூன்றாவதில் அந்த ஆண்டு பணம் எங்கிருந்து வந்து எங்கே போனது என்பது. இவருடைய வாழ்க்கையை எழுதிய பலரும் முதல் நிரலை நிரப்பிவிட்டு இரண்டாவதைத் தொட்டுச் செல்கிறார்கள். மூன்றாவதைப் பெரும்பாலும் வெறுமையாக விட்டுவிடுகிறார்கள். ஆனால் ஓர் ஒளிப்படக்காரர் எந்த இடத்தில் வணிகராக மாறினார் என்பது மூன்றாவது நிரலில்தான் தெரியும்.

1911ஆம் ஆண்டை மட்டும் நிரப்பிப் பாருங்கள். முதல் நிரலில், நான்கு ஆண்டுகளுக்கு முன் எடுத்த ‘தி ஸ்டீரேஜ்’ (கப்பலில் மலிவுக் கட்டணப் பயணிகளின் கீழ்த்தளம்) என்ற படத்தை அக்டோபரில்தான் தம் இதழான ‘கேமரா ஒர்க்’கில் வெளியிட்டார் என்று எழுத வேண்டும். இரண்டாவது நிரலில், பிரெஞ்சு ஓவியர் செசானின் நீர்வண்ண ஓவியங்கள். அதைத் தொடர்ந்து அமெரிக்காவில் பிக்காசோவுக்கு நடந்த முதல் தனிக் கண்காட்சி, அதில் 83 கோட்டோவியங்களும் நீர்வண்ணங்களும். மூன்றாவது நிரலில், கண்காட்சியில் ஏறக்குறைய எதுவும் விற்காமல் போகவே, அத்தனையையும் சேர்த்து 2,000 டாலருக்கு எடுத்துக்கொள்ளும்படி மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்திடம் கேட்டார், அவர்கள் மறுத்துவிட்டார்கள் என்பது வரும். ஒரே வரிசையில் இம்மூன்றையும் பார்க்கும்போது, தம் மிகச் சிறந்த படத்தையே நான்கு ஆண்டு கிடப்பில் போட்டுவிட்டு வேறொருவர் படைப்புகளை விற்க அலைந்த மனிதர் ஒருவர் கண்ணுக்குத் தெரிகிறார். இது எந்த வருணனையாலும் வராது.

கைத்தொழிலைக் காட்டாமல் கலைக்கூடத்துக்குத் தாவாதீர்கள்

அவர் பெர்லினில் இயந்திரப் பொறியியல் படிக்கப் போனவர்; அங்கே ஒளிப்பட வேதியியல் அறிஞர் ஹெர்மன் வில்ஹெல்ம் ஃபோகலின் வகுப்பில் உட்கார்ந்தபிறகுதான் கேமராவின் பக்கம் சாய்ந்தார். 1887இல் லண்டன் இதழ் ஒன்றின் போட்டியில், பீட்டர் ஹென்றி எமர்சன் நடுவராக இருந்து இவருக்கு முதற்பரிசு கொடுத்தார். 1890இல் நியூயார்க் திரும்பியதும், நண்பர்களுடன் சேர்ந்து ஓர் அச்சுத்தகட்டுத் தொழிலில் இறங்கி, ஃபோட்டோகிராவூர் என்னும் முறையைக் கையால் செய்து கற்றார். செப்புத் தகட்டில் படத்தைப் பொறித்து, மையிட்டு, ஒவ்வொரு தாளாக அழுத்தி எடுக்கும் வேலை அது.

இந்த அச்சுத்தொழில் தோல்வியடைந்ததாக ஒரே வரியில் எழுதி முடித்துவிடுவது வழக்கம். அது பெரிய பிழை. 1903 முதல் 1917 வரை அவர் நடத்திய ‘கேமரா ஒர்க்’ இதழின் உயிரே அந்த அச்சுப் பயிற்சிதான். மெல்லிய ஜப்பானியத் தாளில் எடுத்த அச்சுகளைக் கையால் ஒட்டி வெளியிட்டார். 1904இல் பிரஸ்ஸல்ஸ் கண்காட்சிக்கு அனுப்பிய மூலப் படங்கள் உரிய நேரத்தில் போய்ச் சேராததால், இதழிலிருந்த அச்சுகளையே எடுத்து மாட்டினார்கள் என்றும், வந்தவர்களில் பெரும்பாலோர் அவற்றை மூலப் படங்கள் என்றே நினைத்தார்கள் என்றும் சொல்வதுண்டு. பிறருடைய படைப்பைத் தம் படைப்பைப் போலவே சீராகக் காட்டத் தெரிந்த கை என்பதால்தான் பின்னால் ஓவியர்கள் அவரை நம்பினார்கள். இந்த இடத்தில் வாசகரை இரண்டு பத்தியாவது நிறுத்தி வையுங்கள்.

அவர் வாயால் சொன்ன கதைகள்

ஸ்டீக்லிட்ஸ் பேச்சில் வல்லவர். தம் கலைக்கூடத்தில் நின்றபடி மணிக்கணக்காகப் பேசுவார். அவர் சொன்ன கதைகள் அழகானவை, பெரும்பாலும் காலம் கடந்து சொல்லப்பட்டவை. பனிப்புயலில் மூன்று மணி நேரம் காத்திருந்து 1893இல் ஐந்தாம் அவென்யூவை எடுத்த கதை ஒன்று. ‘தி ஸ்டீரேஜ்’ பிறந்த கதை இன்னொன்று: 1907இல் கப்பலின் முதல் வகுப்புத் தளத்திலிருந்து கீழே எட்டிப்பார்த்ததாகவும், வைக்கோல் தொப்பியின் வட்டமும் சாய்ந்த புகைபோக்கியும் ஏணிப்படியும் ஒரு மனிதர் முதுகில் குறுக்காக ஓடிய வெள்ளைப் பட்டையும் சேர்ந்து தம்மை உலுக்கியதாகவும், அறைக்கு ஓடிப்போய் மிச்சமிருந்த ஒரே ஒளிப்படத் தகட்டோடு திரும்பி வந்ததாகவும், யாரும் அசையாமல் அப்படியே இருந்ததாகவும் அவர் விவரித்தார். அவர் இதைச் சொல்லி அச்சானது 1942இல், அதாவது படம் எடுத்து 35 ஆண்டுகள் கழித்து.

நான் முதன்முதலில் அவரைப் பற்றி எழுதியபோது இந்தக் கதையை அப்படியே நடந்த செய்தியாக எழுதிவிட்டேன். அது போதாதென்று, படத்திலிருப்பவர்கள் அமெரிக்காவுக்கு வந்து இறங்கும் ஏழைக் குடியேறிகள் என்றும் சேர்த்துக்கொண்டேன். கப்பலோ நியூயார்க்கிலிருந்து ஐரோப்பாவுக்குப் போய்க்கொண்டிருந்தது. கீழ்த்தளத்தில் நின்றவர்கள் திரும்பிப் போகிறவர்கள். ஒரு வாசகர் தபால் அட்டையில் இரண்டே வரியில் அதைச் சுட்டிக்காட்டினார். அன்றிலிருந்து நான் கடைப்பிடிக்கும் முறை எளியது: அவர் சொன்ன கதை என்றால் ‘அவர் சொன்னார்’ என்றும், எத்தனை ஆண்டு கழித்துச் சொன்னார் என்பதையும் சேர்த்தே எழுதுவது, கப்பல் போன திசை, படம் வெளியான மாதம், முதலில் காட்சிக்கு வைத்த இடம் போன்றவற்றைத் தனியாகச் சரிபார்ப்பது. கதையைத் தள்ளிவிட வேண்டியதில்லை. ஒருவர் தம் படத்தை முதுமையில் எப்படி நினைத்துப்பார்த்தார் என்பதும் வாழ்க்கை வரலாற்றில் சேர்ந்ததுதான்.

கடிதங்கள் ஓரளவு நம்பகமானவை, ஏனெனில் அவை அன்றன்று எழுதப்பட்டவை. அவருக்கும் ஓவியர் ஜார்ஜியா ஓகீஃபுக்கும் இடையே 1915 முதல் 1946 வரை நடந்த கடிதப் போக்குவரத்து ஏறத்தாழ 25,000 பக்கங்கள். யேல் பல்கலைக்கழகத்தின் பைனெக்கி நூலகத்தில் இருக்கிறது. ஓகீஃப் இறந்து இருபது ஆண்டுகள் முத்திரையிட்டு வைக்கப்பட்டிருந்த இக்கடிதங்கள் 2006இல்தான் திறக்கப்பட்டன. எனவே அதற்கு முன் எழுதப்பட்ட எந்த வரலாற்றையும் இக்கடிதங்களைப் பார்க்காதவர் எழுதியது என்ற நினைவோடு படியுங்கள்.

சுவர்களைப் பின்தொடருங்கள்

அவர் நடத்திய கூடங்கள் மூன்று. 1905 நவம்பரில் ஐந்தாம் அவென்யூ 291ஆம் எண்ணில், ஒளிப்படக் கலைஞர் எட்வர்ட் ஸ்டைக்கன் குடியிருந்து விட்டுச்சென்ற மாடி அறைகளில் தொடங்கியது முதலாவது. 1925 முதல் 1929 வரை ஆண்டர்சன் கேலரி கட்டடத்தின் 303ஆம் அறையில் நடந்தது ‘தி இன்டிமேட் கேலரி’. 1929 டிசம்பரில் மேடிசன் அவென்யூ 509ஆம் எண்ணின் பதினேழாம் மாடியில், 1710ஆம் அறையில் தொடங்கி, அவர் சாகும்வரை நடந்தது ‘அன் அமெரிக்கன் பிளேஸ்’.

முகவரியில் ஒரு பொறி இருக்கிறது. 1908இல் குத்தகை முடிந்து வாடகை உயர்ந்தபோது, பால் ஹாவிலாண்ட் என்னும் நண்பர் மூன்றாண்டுக் குத்தகைப் பணம் கட்டி, பக்கத்துக் கட்டடத்தில் அறை எடுத்துக்கொடுத்தார். அந்தக் கட்டடத்தின் எண் 293. பெயர் மட்டும் 291 என்றே நிலைத்துவிட்டது. ஆகவே பிக்காசோவுக்கும் சிற்பி பிரான்குசிக்கும் அமெரிக்காவில் முதல் தனிக் கண்காட்சி நடந்த அந்தப் புகழ்பெற்ற ‘291’ உண்மையில் 293இல் இருந்தது. ஊர்ப்பெயர் ஒன்றாகவும் ஊர் வேறொன்றாகவும் இருப்பது நமக்குப் புதிதில்லை என்றாலும், எழுதும்போது இடறிவிடக்கூடாது.

சுவரில் எதை மாட்டினார் என்ற பட்டியலை முழுமையாக எழுதுங்கள், ஆனால் யார் தேர்ந்தெடுத்தார்கள் என்பதையும் அருகிலேயே எழுதுங்கள். 1907 ஜனவரியில் பமேலா கோல்மன் ஸ்மித்தின் ஓவியங்கள் மாட்டப்பட்டபோதுதான் ஒளிப்படம் அல்லாத ஒன்று அந்தச் சுவருக்கு முதன்முதலில் வந்தது. 1908இல் சிற்பி ரோடினின் கோட்டோவியங்களும் ஓவியர் மத்தீஸின் படைப்புகளும் வந்தது, பாரிஸிலிருந்து ஸ்டைக்கன் அனுப்பிவைத்ததால். பிக்காசோவின் 83 படைப்புகளைப் பாரிஸில் தேர்ந்தெடுத்ததில் ஸ்டைக்கன், மாரியஸ் டி சாயாஸ் முதலியோருக்குப் பங்குண்டு. ‘ஸ்டீக்லிட்ஸ் பிக்காசோவைக் கண்டுபிடித்தார்’ என்று ஒரே போடாகப் போடும் வாக்கியங்கள் இவர்கள் எல்லோரையும் அடித்துவிடுகின்றன. 1914இல் ஆப்பிரிக்க மரச்சிற்பங்களைக் கலை என்ற பெயரில் அவர் காட்டினார் என்று பெருமையாக எழுதும்போது, அந்தக் கண்காட்சியின் தலைப்பிலேயே அச்சிற்பிகளைக் ‘காட்டுமிராண்டிகள்’ என்று குறித்திருந்தார்கள் என்பதையும் மறைக்காமல் எழுத வேண்டும்.

இந்த நிரலை நிரப்பி முடித்தபோது எனக்கே வியப்பளித்தது வேறொன்று. ஒளிப்படத்தைக் கலையாக ஏற்க வைப்பதற்காகத் தொடங்கிய கூடத்தில், ஒளிப்படக் கண்காட்சிகள் ஆண்டுக்காண்டு அருகிக்கொண்டே வந்தன. ‘அன் அமெரிக்கன் பிளேஸ்’ நடந்த பதினேழு ஆண்டுகளில், அவரைத் தவிர்த்து, பால் ஸ்ட்ராண்ட், ஆன்செல் ஆடம்ஸ், எலியட் போர்ட்டர் என்று விரல்விட்டு எண்ணக்கூடியவர்களுக்குத்தான் சுவர் கிடைத்தது. மற்றபடி ஓவியர்கள் ஜான் மரின், ஆர்தர் டவ், ஓகீஃப் ஆகிய மூவரே திரும்பத் திரும்ப வந்தார்கள். ஒரு கலைக்காகத் தொடங்கிய வழக்கு சில கலைஞர்களுக்கான வழக்காகச் சுருங்கியது. அது சுருக்கமா, முதிர்ச்சியா என்று முடிவுகட்டும் பொறுப்பு எழுதுகிறவருடையது. என்னைக் கேட்டால் இரண்டும் என்பேன்.

பணம்

இதுவே கடினமான பகுதி, ஆகவே இதற்கு அதிக நாள் ஒதுக்குங்கள்.

முதலில் அவர் எதைச் சாப்பிட்டு உயிர்வாழ்ந்தார் என்று கேளுங்கள். கம்பளி வணிகத்தில் செழித்த தந்தையின் உதவி இருந்தது. 1893இல் மணந்துகொண்ட எமலைன் ஓபர்மேயரின் குடும்பம் பீர் வடிப்பாலையால் வளமடைந்தது. குடும்பச் செலவு அந்த வருவாயிலிருந்து நடந்தது. வரலாறுகளில் எமலைன் பெரும்பாலும் கலை புரியாத மனைவியாக வந்து போகிறார். கணவர் விற்பனையைப் பற்றிக் கவலைப்படாமல் பன்னிரண்டு ஆண்டுகள் கலைக்கூடம் நடத்த முடிந்ததற்கு அவருடைய பணமும் ஒரு காரணம் என்ற வரியைத் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள்.

அடுத்து 1917ஆம் ஆண்டின் மூன்றாவது நிரலைப் பாருங்கள். போரும் மதுவிலக்குச் சூழலும் எமலைனின் வருவாயைக் குறைத்தன. ‘கேமரா ஒர்க்’ இதழுக்கு ஒரு காலத்தில் ஏறக்குறைய ஆயிரம் சந்தாதாரர்கள் இருந்தார்கள். கடைசி இதழின்போது 40க்கும் குறைவு. 1915இல் ‘291’ என்ற இன்னோர் இதழுக்காக உயர்ந்த தாளில் அச்சிட்ட ‘தி ஸ்டீரேஜ்’ பிரதிகளை வாங்குவோர் இல்லாமல், எஞ்சிய கட்டுகளையெல்லாம் பழைய தாள் வாங்குபவரிடம் 5.80 டாலருக்குப் போட்டார். இன்று அருங்காட்சியகங்கள் கண்ணாடிக்குள் வைத்திருக்கும் அதே அச்சு. பழைய பேப்பர்க்காரரின் தராசில் அது ஏறிய காட்சியை மனக்கண்ணில் பார்த்துவிட்டு, பிறகு அந்தப் பத்தியை எழுதுங்கள். மிகைப்படுத்தத் தேவையே இருக்காது.

மூன்றாவதாக, 1920களுக்குப் பிறகு அவர் எப்படி விற்றார் என்பதை ஆராயுங்கள். அங்கே விலைப்பட்டியல் கிடையாது. ஓவியருக்கு அந்த ஆண்டு வாழ எவ்வளவு தேவை, வந்திருப்பவர் அந்தப் படைப்புக்குத் தகுதியானவரா என்ற இரண்டையும் அவரே எடைபோட்டு விலை சொன்னார். பிடிக்காதவரிடம் விற்கவும் மறுத்தார். விளம்பரமில்லை, விருந்தில்லை, சிறப்பு அழைப்பில்லை. வாடகைக்கென்று ஒரு நிதி இருந்தது. விற்பனையில் ஒரு பகுதி அதற்குப் போனது, ஸ்ட்ராண்ட் தம்பதியரும் டோரதி நார்மனும் மற்ற நண்பர்களும் அதைத் திரட்டிக் காத்தார்கள். 1921இல் மார்ஸ்டன் ஹார்ட்லி ஐரோப்பா போகப் பணம் வேண்டியிருந்தபோது, அவருடைய 117 ஓவியங்களை ஒரே நாளில் ஏலம்விட ஏற்பாடு செய்தார். கிடைத்தது 5,000 டாலருக்குச் சற்றுக் குறைவு. ஓர் ஓவியருக்குப் பல ஆண்டுகள் மூச்சுவிட அது போதுமானதாக இருந்தது. ஆனால் ஓர் ஓவியத்துக்குச் சராசரி எவ்வளவு விழுந்தது என்று வகுத்துப் பார்த்தால், வெற்றி என்று எழுதிய பேனா சற்றுத் தயங்கும்.

நான்காவதாக, செய்தித்தாளில் வந்த விலைகளை நம்பாதீர்கள். மரினின் ஒரு நீர்வண்ணம் 1926இல் 6,000 டாலருக்குப் போனதாகச் செய்தி பரவியது. வாங்கிய டங்கன் ஃபிலிப்ஸோ, அதே வேளையில் வேறு மரின் ஓவியங்கள் தமக்குச் சலுகையாகக் கிடைத்திருக்க, இந்த ஒன்றின் தொகையை மட்டும் தனியே எடுத்து ஊரறியச் சொன்னதில் மனம் புண்பட்டார். 1928இல் ஓகீஃபின் ஆறு அல்லி ஓவியங்களை 25,000 டாலருக்குப் பெயர் சொல்ல விரும்பாத பிரெஞ்சுக்காரர் ஒருவர் வாங்கியதாக நாளிதழ்கள் எழுதின. ஓகீஃபின் பெயர் நாடெங்கும் தெரிந்ததில் அச்செய்திக்குப் பங்குண்டு. வாங்க முன்வந்தவர் ஆண்டர்சன் கேலரியின் தலைவர் மிட்செல் கென்னர்லியே என்றும், பேரம் முழுமையாக நிறைவேறவில்லை என்றும் பின்னால் வந்த ஆய்வாளர்கள் எழுதினார்கள். இதைக் கண்டு அவரை மோசடிக்காரர் என்று எழுத அவசரப்பட வேண்டாம். தம் ஓவியர்களின் மதிப்பை உயர்த்த விலையையே ஒரு பேச்சாகப் பயன்படுத்தத் தெரிந்தவர் என்பது போதும். ஆனால் வணிகர் அல்லாதவர் செய்யும் வேலையா இது என்ற கேள்வியை வாசகரிடம் வைக்காமல் கடந்துபோகக்கூடாது.

இதே ஃபிலிப்ஸ் 1930 முதல் டவ்வுக்கு மாதம் 50 டாலர் அனுப்பினார். உலகப் பொருளாதார நெருக்கடியின் நடுவே, யாரும் தேடாத அரூப ஓவியர் ஒருவருக்கு அந்தத் தொகை அரிசி, விறகு என்ற கணக்கில் வருவது. மனம் புண்பட்ட வாடிக்கையாளரைக் கைவிட்டுவிடாமல் மீண்டும் தம் ஓவியர் பக்கம் திரும்ப வைத்ததை, ஸ்டீக்லிட்ஸின் வக்காலத்துக்குச் சான்றாக நான் முதலில் சொல்வேன்.

யார் பெயரில் வாதாடினார்?

கலைஞர்களுக்காக வாதாடுகிறவர் அவர்களைக் கேட்டுக்கொண்டா வாதாடினார் என்று ஒவ்வோர் இடத்திலும் சோதியுங்கள். 1916 ஜனவரி 1 அன்று, தற்செயலாக அவருடைய பிறந்தநாளில், அனிதா பாலிட்சர் என்னும் தோழி ஓகீஃபின் கரிக்கோட்டு ஓவியங்களைச் சுருட்டி எடுத்துக்கொண்டுபோய் அவரிடம் காட்டினார். மே மாதம் அவற்றை அவர் சுவரில் மாட்டினார், வரைந்தவருக்குச் சொல்லாமல். செய்தி கேட்டு ஓகீஃப் நேரில் வந்து கழற்றச் சொன்னார். ஸ்டீக்லிட்ஸ் பேசிப் பேசி இணங்க வைத்தார். ஓவியங்கள் கழற்றப்படவில்லை. ஓகீஃபின் வாழ்க்கையே அதனால் மாறியது என்பது உண்மை. அனுமதி கேட்கவில்லை என்பதும் அதே அளவு உண்மை. 1924இல் இருவரும் மணந்துகொண்டார்கள். ஓகீஃபை ஸ்டீக்லிட்ஸ் 300க்கும் மேற்பட்ட படங்களாக எடுத்தார். ஓகீஃபின் பூ ஓவியங்களைப் பெண்ணுடலோடு சேர்த்தே பேசும் வழக்கத்துக்கு ஸ்டீக்லிட்ஸும் அவர் வட்டத்தாரும் வழிவகுத்தார்கள், ஓகீஃப் அதை ஆயுள் முழுவதும் மறுத்தார். இந்தப் பகுதியை எழுதும்போது ஓகீஃபைக் காதல் கதையின் நாயகியாக்கிவிடாமல், தம் ஓவியங்களைப் பற்றித் தமக்கென்று ஒரு கருத்துடைய ஓவியராகவே நடத்துங்கள்.

ஒளிப்படக்காரர், வணிகர், வழக்காடி என்ற மூவரும் ஒரே சட்டகத்துக்குள் நிற்கும் தருணம் ஒன்றைத் தேடினால், 1917 ஏப்ரலில் கிடைக்கும். கண்காட்சி ஒன்று மறுத்து ஒதுக்கிய மார்செல் டுஷாம்பின் ‘ஃபவுண்டன்’, அதாவது கவிழ்த்து வைத்த சிறுநீர்க் கோப்பை, 291க்குக் கொண்டுவரப்பட்டது. பின்னால் ஹார்ட்லியின் ஓவியம் ஒன்று தெரியும்படி வைத்து, வெள்ளைப் பீங்கானின் வளைவில் மென்மையான நிழல் விழும்படி அவர் அதைப் படமெடுத்தார். அந்தப் பொருள் தொலைந்துபோனது. இன்று மூலப் பொருள் எப்படி இருந்தது என்று நாம் அறிவதற்கு அந்தப் படம்தான் முதன்மையான ஆதாரம். எல்லோரும் கைகொட்டிச் சிரித்த ஒன்றை, கோயில் சிலைக்குக் கொடுக்கும் கவனத்தோடு ஒளியமைத்து எடுத்துக்கொடுத்தது அவருடைய வாதங்களிலேயே மிகக் குறைந்த சொற்களைக் கொண்டது.

ஆனந்த குமாரசுவாமி: அளவோடு எழுதவேண்டிய பக்கம்

தமிழில் எழுதுகிறவர்கள் இங்கே சற்று நிதானிக்கலாம். கொழும்பில் சேர் முத்து குமாரசுவாமியின் மகனாகப் பிறந்து, 1917 முதல் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் இந்தியக் கலைப் பிரிவைப் பார்த்துவந்த ஆனந்த குமாரசுவாமி, தாமே கேமரா பிடிக்கத் தெரிந்தவர். 1924இல் ஸ்டீக்லிட்ஸின் 27 படங்களை அந்த அருங்காட்சியகம் ஏற்றுக்கொண்டது அவருடைய முயற்சியால்தான். அமெரிக்காவின் பெரிய அருங்காட்சியகம் ஒன்று ஒளிப்படங்களைக் கலைப்படைப்பாகச் சேர்த்துக்கொண்ட மிகத் தொடக்க நிகழ்வுகளில் அது ஒன்று. நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் 1928இல்தான் ஸ்டீக்லிட்ஸின் 22 படங்களுக்கு இடம் கொடுத்தது. பிறருக்காக வாதாடியே பழகிய ஒருவருக்காக வாதாட ஒருவர் வந்த இடம் என்பதால் இது கட்டுரைக்குத் தேவை. நம்மவர் என்ற பூரிப்பில் இதைத் தனி அத்தியாயமாக ஊதிவிட வேண்டாம். ஒரு பக்கம் போதும்.

எங்கே நிறுத்துவது

பலரும் 1946இல் நிறுத்திவிடுகிறார்கள். இதய நோயால் 1937இலேயே கேமராவைக் கீழே வைத்துவிட்டவர், கூடத்தை மட்டும் விடாமல் நடத்திவந்து, பக்கவாதத்தால் இறந்தார். சாம்பல் லேக் ஜார்ஜ் என்னும் ஏரியின் கரையில் சேர்க்கப்பட்டது. ஆனால் உங்கள் குறிப்பேட்டின் மூன்று நிரல்களும் அங்கே முடியவில்லை. விற்காமல், விற்க மனமில்லாமல், வாங்கி வைத்துக்கொண்டு என்று பல ஆண்டுகளாக அவரிடம் சேர்ந்த நூற்றுக்கணக்கான ஓவியங்களையும், ஒளிப்படங்களையும் ஓகீஃப் ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் உட்கார்ந்து வகைபிரித்துப் பல அருங்காட்சியகங்களுக்குப் பகிர்ந்தளித்தார். ஸ்டீக்லிட்ஸின் ஒவ்வொரு படத்திலும் சிறந்த அச்சாகத் தேர்ந்தெடுத்த தொகுதியை வாஷிங்டன் தேசியக் கலைக்கூடத்துக்கு 1949இல் கொடுத்தார். பின்னால் சேர்த்தவற்றோடு இன்று அதில் 1,642 படங்கள் இருக்கின்றன. வேறு யாரும் எதிர்பார்க்காத ஓரிடத்துக்கும் ஒரு பங்கு போனது. நிறவெறிச் சட்டங்கள் நடப்பிலிருந்த டென்னசியில், கறுப்பின மாணவர்கள் படிக்கும் நாஷ்வில் ஃபிஸ்க் பல்கலைக்கழகத்துக்கு அதே 1949இல் 101 படைப்புகளைக் கொடுத்தார். பணமுடையில் சிக்கிய பல்கலைக்கழகம் அவற்றை விற்க முயன்று, நீண்ட நாள் வழக்கு நடந்து, பாதி உரிமை 3 கோடி டாலருக்கு ஆர்க்கன்சாவின் கிரிஸ்டல் பிரிட்ஜஸ் அருங்காட்சியகத்துக்கு 2012இல் போனது. அது முதல் அந்தத் தொகுப்பு முறைவைத்து இரண்டு ஊர்களுக்கும் இடையே போய்வந்துகொண்டிருக்கிறது. கடைசிப் பத்தியில் அந்த ஓவியங்கள் பெட்டியில் ஏறி லாரியில் நாஷ்வில்லை விட்டுப் புறப்படுவதை எழுதி, குறிப்பேட்டை மூடிவிடலாம்.